இல்லாத காமாலைக்கு இருபத்தொரு நாள் பத்தியம்

முப்பத்தொரு வருஷம் சேலத்தில் வக்கீல் குமாஸ்தாவாக இருந்தேன். அந்த முப்பத்தொரு வருஷத்தில் சேர்வராயன் மலையில் பாதிப் பேருக்கு மஞ்சள் காமாலை வரவழைத்தவன் நான்தான். தண்ணீரிலோ காற்றிலோ வந்த காமாலை இல்லை, எல்லாம் டைப்ரைட்டரில் வந்தது.

விஷயம் இதுதான். வழக்குப் போட்டவன் வாய்தா அன்று கோர்ட்டுக்கு வரவில்லை என்றால் டவாலி வாசலில் நின்று மூன்று தடவை பெயரைக் கூப்பிடுவான். மூன்றாவது கூப்பாட்டுக்கும் ஆள் இல்லை என்றால், 'வாதி ஆஜரில்லை, பிராது தள்ளுபடி' என்று ஒரே வரியில் எழுதிக் கேஸ் கட்டைத் தூக்கி ஓரமாக வைத்துவிடுவார்கள். நியாயம் யார் பக்கம் என்கிற பேச்சே எழாது. அந்தக் கட்டுக்கு மறுபடி உயிர் கொடுக்க வேண்டுமானால் முப்பது நாளைக்குள் மனுப் போட வேண்டும். வராமல் போனதற்குத் தகுந்த காரணம் சொல்ல வேண்டும்.

தகுந்த காரணத்துக்கு எங்கே போவது? காய்ச்சல் என்றால் ஒரு நாள் காய்ச்சலா, ஒன்பது நாள் காய்ச்சலா என்று குடைவார்கள். சாவு என்றால் செத்தவர் பெயர் கேட்பார்கள். ஒரே கட்சிக்காரனின் பெரியப்பாவை இரண்டு மனுவில் இரண்டு தடவை சாகடித்துவிட்டு விழித்த குமாஸ்தா ஒருவரை எனக்குத் தெரியும். காமாலைதான் உத்தமம். ஆளைப் படுக்கையில் போடும், வாரக்கணக்கில் இழுக்கும், தானாகவே போயும் விடும். நாட்டு மருந்து சாப்பிட்டேன் என்று சொல்லிவிட்டால் டாக்டர் சர்ட்டிபிகேட் கூட வேண்டியதில்லை. அதனால் என் பேனாவுக்குத் தெரிந்த ஒரே வியாதி அதுவாக இருந்தது.

என் பெயர் சையத் இப்ராஹிம். வீடு ஏற்காட்டில், கடைவீதியில் அண்ணனின் மளிகைக் கடைக்குப் பின்னால். காலையில் முதல் பஸ்ஸில் சேலத்துக்கு இறங்கினால் கடைசி பஸ்ஸில் மேலே வருவேன். ஆகவே மலையில் யாருக்கு வம்பு வந்தாலும் நேரே மளிகைக் கடைக்குத்தான் வருவார்கள். அரைக்கிலோ பருப்பு வாங்குகிற சாக்கில் ஒரு கேஸையும் கொடுத்துவிட்டுப் போவார்கள். அப்படி வந்தவன்தான் வாழவந்தி ஐயாக்கண்ணு.

ஒன்றரை ஏக்கர் காப்பி, மரத்துக்கு மரம் மிளகுக்கொடி, நடுவில் ஓட்டு வீடு. இவ்வளவுதான் அவன் ஆஸ்தி. ரோட்டிலிருந்து அங்கே போக ஒரே ஒரு தடம், அதுவும் பக்கத்துத் தோட்டத்துக்குள்ளாகப் போகிறது. பக்கத்துத் தோட்டம் பாக்கியநாதனுடையது. பாக்கியநாதன் இருந்தவரை ஒரு தகராறும் இல்லை. எழுபத்தாறில் அவர் இறந்துபோனார். சேலத்தில் இருந்த மருமகப் பிள்ளை வந்து, இப்படியே நடக்க விட்டால் தடம் ஐயாக்கண்ணுவுக்கே சொந்தமாகிவிடும் என்று மாமியாரைப் பயமுறுத்தினார். பாக்கியநாதன் பெண்டாட்டி இன்பமேரி அடுத்த வாரமே தடத்தை மறித்து முள்கம்பி கட்டிவிட்டார்.

அதன் பிறகு ஐயாக்கண்ணு ஓடைக்கரையாக இரண்டு மைல் சுற்றித்தான் ரோட்டுக்கு வர வேண்டும். மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு பாறைமேல் இறங்க வேண்டும். காப்பிப் பழம் பறிக்க வரும் பெண்கள் ஒரு வருஷம் பார்த்தார்கள். அந்தச் சுற்றுக்கு நாங்கள் வரமாட்டோம் என்று அடுத்த வருஷம் எஸ்டேட்டுகளுக்குப் போய்விட்டார்கள். கீழே இருந்த பெரிய எஸ்டேட்காரர், வேண்டாமென்றால் கொடுத்துவிடேன் என்று பாதி விலைக்கு ஆள் அனுப்பிக்கொண்டே இருந்தார். தடம் போனால் தோட்டமும் போகும். வழக்கு இதற்காகத்தான்.

கோர்ட்டுக்குப் போகும் முன் அந்தம்மாவிடம் ஒரு வார்த்தை கேட்டுப் பார்த்தாயா என்றேன். எங்கள் அப்பன் நடந்த தடத்தில் நடக்க நான் எதற்குக் கேட்க வேண்டும் என்றான். சரிதான், நமக்கு ஒரு கேஸ் ஆச்சு என்று நானும் பேசாமல் வக்கீலிடம் கூட்டிப்போனேன்.

எழுபத்தொன்பது ஜனவரியில் விசாரணைக்கு வந்தது. வாதி கூண்டில் ஏறிச் சொல்ல வேண்டிய நாள். ஜனவரி என்றால் மலையில் பழம் பறிப்பு. இந்தச் சங்கதி கோர்ட் காலண்டருக்குத் தெரியாது. டவாலி மூன்று தடவை கூப்பிட்டான். நான் வராந்தாவில் நின்று ஏற்காடு பஸ் வருகிற திக்கைப் பார்த்துக் கழுத்து வலித்ததுதான் மிச்சம். பிராது தள்ளுபடி.

ஐந்தாம் நாள் சாவகாசமாகக் கடைக்கு வந்தான். வாய்தா என்னாச்சு என்று என்னையே கேட்டான். எனக்கு வந்த கோபத்தில் தராசுத் தட்டை எடுத்து அடித்திருப்பேன். ஏனய்யா வரவில்லை என்று கத்தினேன்.

"பழம் பழுத்துப் போச்சுங்க பாய். அன்னிக்குனு பாத்து அஞ்சாளு பறிக்க வந்தாங்க. உட்டா உழுந்துருமுங்க. கேஸு என்ன, பழுத்து உழுந்தா போகுது?"

விழுந்துவிட்டது என்றேன். அவன் அப்படியே அரிசி மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டான். அவன் கண்ணில் தண்ணீர் வந்ததைப் பார்த்த பிறகு எனக்குத் திட்ட வரவில்லை. அன்று சாயந்திரமே மனு எழுத உட்கார்ந்தேன். அப்போதுதான் கீழ்க்கோர்ட்டுகளில் தமிழில் மனுப் போடும் வழக்கம் பரவிக்கொண்டிருந்தது. நானும் பெருமையாக நல்ல தமிழில் அடித்தேன்: 'மனுதாரர் கடுமையான மஞ்சள் காமாலை நோயினால் பீடிக்கப்பட்டுப் படுத்த படுக்கையாக இருந்தபடியால்...'

கையெழுத்துப் போட மாட்டேன் என்று அடம்பிடித்தான். இல்லாத நோவை எழுதினால் வந்துவிடும் என்றான். பழம் பறித்தேன் என்று எழுதினால் கோர்ட் கேட்காது, தோட்டத்தை எஸ்டேட்காரருக்கு எழுதிக் கொடுக்கிறாயா, இதில் கையெழுத்துப் போடுகிறாயா, இரண்டில் ஒன்று சொல் என்றேன். 'கடவுளறிய உண்மை' என்ற வரிக்குக் கீழே, எறும்பு ஊர்கிற வேகத்தில் தன் பெயரை எழுதினான்.

இதுவரை எல்லாம் வழக்கம் போலத்தான். எனக்குத் தெரியாத சங்கதி ஒன்று இருந்தது. பாக்கியநாதன் செத்ததே மஞ்சள் காமாலையில்தான்.

மனுவின் நகல் எதிர்க்கட்சிக்குப் போகும், அது சட்டம். கோர்ட் சேவகர் கொண்டுபோய் இன்பமேரி கையில் கொடுத்தார். அந்தம்மா கான்வென்ட்டில் ஐந்தாவது வரை படித்தவர். முழுதையும் எழுத்துக் கூட்டிப் படித்தார். வேறு யாராவது வாயால் சொல்லியிருந்தால் நம்பியிருக்கமாட்டார். இதில் கோர்ட் முத்திரை இருந்தது, கடவுள் பெயர் இருந்தது, கீழே ஐயாக்கண்ணுவின் கையெழுத்தும் இருந்தது. நகலை மடித்து வைத்தார். தோட்டத்தில் கீழாநெல்லியை வேரோடு பிடுங்கி அரைத்து ஆட்டுப்பாலில் கலக்கினார். மறுநாள் விடிகாலையில் தான் கட்டிய முள்கம்பியைத் தானே அவிழ்த்துக்கொண்டு, டம்ளரோடு அவன் வீட்டு வாசலில் போய் நின்றார்.

இது எதுவும் எனக்குத் தெரியாது. மனு விசாரணைக்கு வந்த நாளில் நான் மறுபடியும் அதே வராந்தாவில் நின்றேன். பஸ் வந்தது, அதில் ஐயாக்கண்ணு வரவில்லை. டவாலி மூன்று தடவை கூப்பிட்டான். மனுதாரர் ஆஜரில்லை, மனு தள்ளுபடி. வராததால் தள்ளுபடியான கேஸை எழுப்பப் போட்ட மனு, வராததால் தள்ளுபடி. எங்கள் வக்கீல் என்னைப் பார்த்த பார்வையில் என் முப்பாட்டன் வரை வசவு இருந்தது. சட்டத்தில் இதற்கும் ஒரு மனு உண்டு. சட்டம் எழுதியவர்கள் நம்ம ஆட்களை நன்றாகத் தெரிந்து வைத்திருந்தார்கள் போல.

ஞாயிற்றுக்கிழமை நானே வாழவந்திக்குக் கிளம்பினேன். பஸ்ஸை விட்டு இறங்கியதிலிருந்து என்னென்ன திட்ட வேண்டும் என்று மனசுக்குள் அடுக்கிக்கொண்டே போனேன். போய்ப் பார்த்தால் முள்கம்பி திறந்து கிடக்கிறது. ஐயாக்கண்ணு வீட்டு வாசலில் போர்வையைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்து, உப்பில்லாத கஞ்சியை விஷம் குடிப்பது போலக் குடித்துக்கொண்டிருக்கிறான். கன்னமெல்லாம் ஒட்டிப்போயிருந்தது.

என்னய்யா இது என்றேன்.

"பத்தியமுங்க," என்றான். "பதினெட்டு நாளாச்சு. இன்னும் மூணு நாளு இருக்குதுங்க."

எனக்குச் சிரிப்பு பீறிக்கொண்டு வந்தது. அவன் பெண்டாட்டி உள்ளே இருந்ததால் அடக்கிக்கொண்டேன். அப்புறம் அவனே எல்லாவற்றையும் சொன்னான். உப்பு இல்லை, புளி இல்லை, எண்ணெய் இல்லை, வெயிலில் நடமாட்டம் இல்லை. பீடி வாங்கப் போனால் கடைக்காரர் கொடுக்க மறுக்கிறார். எதிரே வருகிறவர்கள் எல்லாம் கண் இமையைப் பிடித்து இழுத்துப் பார்த்துவிட்டு, ஆமா, மஞ்சளாத்தான் இருக்குது என்று தலையாட்டிவிட்டுப் போகிறார்கள். சொந்தப் பெண்டாட்டியே எத்தனை சொல்லியும் நம்பவில்லை, கோர்ட்டே சொல்லிவிட்டதாம். வாய்தா அன்று பஸ் ஏறப் போயிருக்கிறான். இருபது கொண்டை ஊசி வளைவு, குலுக்கினால் ஈரல் தாங்காது என்று இன்பமேரி ரோட்டுக்கே வந்து மறித்திருக்கிறார். கண்டக்டர் உள்ளூர் ஆள், படியிலேயே கால் வைக்க விடவில்லை. வழக்குப் போட்டவனைக் கோர்ட்டுக்குப் போகவிடாமல் எதிர்க்கட்சிக்காரி பிடித்து வைத்து வைத்தியம் பார்த்த கதையை எந்தச் சட்டப் புத்தகத்தில் போய்த் தேடுவது? சத்தியமாகச் சொல்கிறேன், நானே ஒரு தடவை அவன் கண்ணைக் குனிந்து பார்த்தேன்.

அந்தம்மாவிடமாவது உண்மையைச் சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே என்றேன். அவன் கஞ்சிக் கிண்ணத்தைக் கீழே வைத்தான்.

"மொத நாளு அதச் சொல்லத்தான் வாயத் தொறந்தனுங்க. அந்தம்மா டம்ளர நீட்டிக்கிட்டு, எங்க ஊட்டுக்காரருக்கு முத்துன பொறவுதாங்கண்ணா தெரிஞ்சுது, உங்களுக்காச்சும் காயிதத்துல வந்துச்சேன்னாங்க. வாங்கிக் குடிச்சுப்புட்டேன். அப்பறம் எப்புடிங்க சொல்றது?"

எனக்குச் சிரிப்பு நின்றுவிட்டது. ஆனால் குமாஸ்தா மூளை நிற்கவில்லை. அந்த நிமிஷமே எனக்கு ஒரு வெளிச்சம் தட்டியது, அதைச் சொல்ல இன்றைக்கு வெட்கமாக இருக்கிறது. ஐயா, நாம் ஜெயித்தாச்சு என்றேன். உனக்குக் காமாலை வந்ததற்கு இனி டாக்டர் வேண்டாம், சர்ட்டிபிகேட் வேண்டாம். எதிர்க்கட்சிக்காரியே பதினெட்டு நாள் மருந்து அரைத்துக் கொடுத்திருக்கிறார். கூண்டில் ஏற்றி நம் வக்கீல் ஒரே ஒரு கேள்வி கேட்டால் போதும், ஆமாம் என்பார். இரண்டு மனுவும் ஒரே நாளில் எழுந்து உட்காரும். இத்தனை வருஷம் காமாலை எழுதியும் இப்படி ஒரு சாட்சி எனக்குக் கிடைத்ததில்லை.

ஐயாக்கண்ணு போர்வையை உதறி மடித்து வைத்தான். அப்புறம் சொன்னான்: "அந்தம்மாவக் கூண்டுல ஏத்தி எம் பொய்ய அவிங்க வாயால சொல்ல வெக்க மாட்டனுங்க. மெய்ய எழுதுங்க பாய்."

மெய்யை எழுதினால் தோட்டம் போய்விடும் என்றேன். தெரியும் என்றான். மடையா என்றேன், முட்டாளே என்றேன், இன்னும் அச்சில் ஏறாத நாலைந்தும் சொன்னேன். எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டு, மெய்யை எழுதுங்கள் என்றான்.

எழுதினேன். பழம் பறித்தது, காமாலை பொய் என்பது, அந்தப் பொய்க்குப் பத்தியம் இருந்தது, பத்தியத்தால் வாய்தா தவறியது என்று ஒன்றுவிடாமல் அடித்தேன். வக்கீல் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றி வைத்தார். பொய் சொன்னேன் என்று தானே எழுதிக் கொடுக்கிற கட்சிக்காரனைத் தன் சர்வீஸில் பார்த்ததில்லை, இதற்கு வாதாட என்ன இருக்கிறது என்றார். ஆனாலும் தாக்கல் செய்தார்.

அந்த வாய்தாவுக்கு ஐயாக்கண்ணு முதல் பஸ்ஸிலேயே வந்துவிட்டான். டவாலி முதல் தடவை கூப்பிட்டு முடிப்பதற்குள் உள்ளே ஓடினான். ஜட்ஜ் மனுவைப் படித்தார். நடுவில் ஒரு இடத்தில் கைக்குட்டையை எடுத்து வாயைத் துடைத்துக்கொண்டார், சிரிப்பை மறைக்கத்தான் என்று நினைக்கிறேன். அப்புறம் இதில் எழுதியிருப்பதெல்லாம் நிஜமா என்று கேட்டார். நிஜம், காமாலை மட்டும் நிஜமில்லை என்றான் ஐயாக்கண்ணு. ஹாலில் இருந்த வக்கீல்கள் எல்லாம் சிரித்தார்கள். இன்பமேரி சுவரோரமாக நின்றுகொண்டிருந்தார். அந்தம்மா சிரிக்கவில்லை. நகலைப் படித்திருந்தாலும், அதை அவன் வாயால் கேட்கும் வரை நம்பவில்லை போலிருக்கிறது. ஜட்ஜ் அவரிடம், உங்களுக்கு ஆட்சேபணை உண்டா என்றார்.

"எங்க ஊட்டுக்காரருக்கு அரைச்சுக் குடுக்க எனக்குக் குடுத்து வெக்கலீங்க சாமி," என்றார் இன்பமேரி. "இவருக்காச்சும் குடுத்தனேன்னு இருந்தேன். அதுவும் பொய்யாப் போச்சு."

ஆட்சேபணை உண்டு என்று அவர் வக்கீல் எழுந்து சொன்னார். பொய்ப் பிரமாணம் செய்தவர் தயவு கோர முடியாது, மனு தள்ளுபடி என்று ஜட்ஜ் எழுதினார். சொல்லக் கூடாதுதான், ஆனால் சரியான தீர்ப்பு. தண்டனையைத்தான் ஆள் மாறிக் கொடுத்துவிட்டார்கள். கூண்டில் நிற்க வேண்டியவன் நான்.

சாயந்திர பஸ்ஸில் மூன்று பேருமே வந்தோம். அந்தம்மா முன்சீட்டில், ஐயாக்கண்ணு கடைசிச் சீட்டில், நான் நடுவில். மறுநாள் காலையில் முள்கம்பி இறுக்கமாகக் கட்டப்பட்டிருந்தது.

இத்தோடு தோட்டம் எஸ்டேட்காரர் கைக்குப் போயிற்று என்றுதான் நான் முடிவு கட்டினேன். அப்பீலுக்குப் போகலாமா என்று கேட்கக் கூட எனக்கு முகம் இல்லை. ஆனால் ஐயாக்கண்ணு ஒரு வேலை செய்தான். தினமும் விடிந்ததும் கம்பி ஓரத்தில் வந்து நின்று, "மேரியம்மா, நாஞ் சொன்னது பொய்யிங்க. இப்பிடியாப் போகட்டுங்களா?" என்று கேட்டான். அந்தம்மா வாசல் பெருக்கிக்கொண்டிருப்பார், நிமிர்ந்து பார்ப்பார், உள்ளே போய்விடுவார். இவன் திரும்பி ஓடைக்கரையாக இரண்டு மைல் சுற்றிப் போவான். மறுநாளும் இதே கதைதான். நாற்பது நாளுக்கு மேல் இது நடந்தது. மழையிலும் வந்து நின்றான். ஊரே வேடிக்கை பார்த்தது. அவன் பெண்டாட்டி, மானம் போகிறது என்று அழுதாள்.

ஒரு நாள் இன்பமேரி துடைப்பத்தைப் போட்டுவிட்டுக் கம்பிக்கிட்டே வந்தார். "இன்னிக்குப் போங்கண்ணா," என்றார். "நாளைக்கும் கேக்கோணும். நாளன்னைக்கும் கேக்கோணும்." கம்பியை அவிழ்த்து ஓரமாகச் சுருட்டி வைத்தார்.

கேள்விப்பட்டதும் குமாஸ்தாவாக நான் தலையில் கைவைத்தேன். அனுமதி கேட்டு நடப்பவனுக்குத் தடத்தில் உரிமை என்று ஒன்று வரவே வராது. அந்த ஒரு கேள்வியால் அவன் கேஸை அவனே குழிதோண்டிப் புதைத்துவிட்டான். இதை அவனிடம் விளக்கமாகச் சொன்னேன். சரிங்க என்றான். அந்த வருஷம் பழம் பறிக்கப் பெண்கள் திரும்பி வந்தார்கள், எஸ்டேட்காரர் ஆள் அனுப்புவதை நிறுத்தினார். பத்துப் பன்னிரண்டு வருஷம் தினமும் கேட்டான், தினமும் அந்தம்மா போங்கண்ணா என்றார். சில நாள் கொடியை மிதித்தீர்கள் என்று நாலு திட்டும் சேர்ந்து கிடைக்கும். காமாலை பற்றி இரண்டு பேரும் அப்புறம் ஒரு வார்த்தை பேசியதில்லை. நானும் என் மனுக்களில் அந்த வியாதியை விட்டுவிட்டேன், வரும்படி கொஞ்சம் குறைந்தது.

தொண்ணூற்றொன்று டிசம்பரில் ஒரு நாள் வாழவந்திப் பக்கம் போயிருந்தேன். இன்பமேரி வழுக்கி விழுந்து இடுப்பு ஒடிந்து, சேலத்தில் மகள் வீட்டில் ஒரு மாதமாகப் படுத்திருந்தார். வீடு பூட்டிக் கிடந்தது. கம்பி எப்போதும் போலச் சுருட்டி ஓரமாகக் கிடந்தது, தடம் ஆளில்லாமல் அகலமாகத் திறந்திருந்தது. ஐயாக்கண்ணு எங்கே என்று தேடினால், ஓடைக்கரையில் காப்பி மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு பாறைமேல் தடுமாறி இறங்கிக்கொண்டிருக்கிறான். அறுபது தாண்டிய மனுஷன். எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை. ஏனய்யா, தடம்தான் திறந்து கிடக்கிறதே, உன்னை யார் அங்கே தடுக்கிறார்கள், உனக்குப் புத்தி கெட்டுப்போச்சா என்று அங்கிருந்தே கத்தினேன்.

அவன் மூட்டையை இறக்கி வைத்துவிட்டு மூச்சு வாங்கினான். "அந்தம்மா ஊட்டுல இல்லீங்களே பாய்," என்றான். "யாரைக் கேட்டுட்டுப் போறது?"

கீழே இன்னொரு சின்ன மூட்டை இருந்தது. அதைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு, ரோடு வரைக்கும் அவனைத் திட்டிக்கொண்டே அவன் பின்னால் நடந்தேன்.